கைகள் பல, முத்திரை ஒன்று

ஜப்பானிய ஓவியர் ஹிரோஷி யோஷிடாவின் வண்ண மரச்செதுக்கு அச்சுகளை வாங்க வருகிறவர்கள் படத்தைப் பார்ப்பதற்கு முன்னால் அதன் ஓரத்தைப் பார்க்கிறார்கள். இடப்பக்க வெள்ளை விளிம்பில் ‘ஜிசுரி’ என்ற சிறிய முத்திரை இருக்கிறதா என்று தேடுகிறார்கள். தன் கையால் அச்சிட்டது என்பது அதன் பொருள். முத்திரை இருந்தால் ஒரு விலை. அதே கட்டைகளில், அதே குடும்பப் பட்டறையில், யோஷிடா இறந்த பிறகு எடுத்த படி என்றால் விலை இறங்கிவிடும்.

இதில் ஒரு சங்கடம் இருக்கிறது. முத்திரை பதித்த படங்களில் மிகப் பெரும்பாலானவற்றை யோஷிடா தன் கையால் அச்சிடவில்லை. கட்டையைச் செதுக்கியவரும் அவரல்ல. டோக்கியோவில் அவர் நடத்திய பட்டறையில் சம்பளத்துக்கு வேலை பார்த்தவர்கள் செய்த வேலை அது. அவர் கூடவே இருந்தார். ஒவ்வொரு வண்ணத்தையும் தீர்மானித்தார். பிடிக்காத படியை ஒதுக்கினார். தேவைப்பட்டபோது உளியையும் எடுத்தார். ஆனாலும் ‘தன் கை’ என்று முத்திரை சொல்லும் இடத்தில் உழைத்தவை வேறு கைகள்.

அப்படியானால் முத்திரை பொய்யா? யோஷிடா எதையும் மறைத்தவர் அல்ல. 1939இல் அவர் ஆங்கிலத்தில் வெளியிட்ட கையேட்டில், மரச்செதுக்கு அச்சு எப்படி உருவாகிறது, யார் எந்த வேலையைச் செய்கிறார்கள் என்பதெல்லாம் வெளிப்படையாக வருகிறது. அவருடைய ‘தான்’ சற்று விரிந்தது, அவ்வளவுதான். அந்தத் ‘தான்’ எதுவரை போகும் என்பது கலை விமர்சகர்கள் மட்டும் கவலைப்படுகிற விஷயம் அல்ல. ஒரு செயலுக்குக் கர்த்தா யார், ‘நான் செய்தேன்’ என்று சொல்ல யாருக்கு உரிமை என்று சமயங்கள் நூற்றாண்டுக் கணக்கில் மல்லுக்கட்டிவரும் கேள்வியும் அதுதான்.

கீதையின் 18ஆம் அத்தியாயம் இதற்கு ஒரு கணக்கே வைத்திருக்கிறது. எந்தச் செயலுக்கும் ஐந்து காரணங்கள்: செயல் நிகழும் இடம், செய்பவன், கருவிகள், பலவகை முயற்சிகள், ஐந்தாவதாகத் தெய்வம். இப்படியிருக்கத் தன்னை மட்டுமே கர்த்தாவாகக் காண்கிறவன் சரியாகப் பார்க்கவில்லை என்கிறது அது. பிரசங்க மேடைகளில் கேட்டுக் கேட்டுப் பழகிப்போன கருத்து. ஒரு ஜப்பானிய அச்சுப் பட்டறைக்குள் நுழைந்தால் அந்த ஐந்தையும் கையால் தொட்டே பார்க்கலாம்.

ஓவியர் மெல்லிய காகிதத்தில் கோட்டோவியம் வரைந்து தருகிறார். செதுக்குபவர் அதைக் குப்புறக் கவிழ்த்துச் செர்ரி மரப் பலகையில் ஒட்டுகிறார். கோட்டை மட்டும் நிறுத்திவிட்டு அதன் இரு பக்கத்து மரத்தையும் எடுத்துவிடுகிறார். ஓவியர் வரைந்த தாள் அந்த வேலையிலேயே அழிந்துபோகும். இப்படிக் கிடைத்த கோட்டுக் கட்டையிலிருந்து பல படிகள் எடுத்து, ஒவ்வொன்றிலும் ஒவ்வொரு வண்ணத்துக்கான இடத்தை ஓவியர் குறிக்கிறார். அவற்றை வைத்து வண்ணக் கட்டைகள் தயாராகின்றன. எல்லாக் கட்டைகளிலும் ஒரே இடத்தில் ‘கெண்டோ’ என்ற வெட்டுக்குறி உண்டு. காகிதத்தின் மூலை அந்தக் குறிக்குள் உட்கார்ந்தால்தான் வண்ணம் கோட்டுக்குள் விழும்.

பிறகு கட்டைகள் அச்சுக்காரரிடம் போகின்றன. நீரில் கரைத்த சாயத்தையும் அரிசிப் பசையையும் அவர் தூரிகையால் கட்டையில் பரப்புகிறார். ஈரப்படுத்திய காகிதத்தை அதன்மேல் விரித்து, மூங்கில் மடலால் பொதிந்த ‘பரேன்’ என்ற வட்டமான தேய்ப்பானால் காகிதத்தின் முதுகில் தேய்க்கிறார். இயந்திரம் எதுவும் கிடையாது. மாலை வானம் உச்சியில் கருநீலமாகத் தொடங்கி அடிவானத்தில் வெளுத்துப் போகிறதே, அந்த மங்கலைக் கட்டையில் செதுக்க முடியாது. ஒவ்வொரு படிக்கும் கட்டையின் ஒரு பக்கம் ஈரத்தையும் மறுபக்கம் சாயத்தையும் வைத்து, இரண்டும் கலக்கும் இடத்தை அச்சுக்காரர் தூரிகையால் இழுத்தாக வேண்டும். நடுவில் காகிதம் கொஞ்சம் உலர்ந்தால் சுருங்கும். அடுத்த வண்ணம் கோட்டைத் தாண்டிவிடும். யோஷிடாவின் படங்களில் முப்பது முறைக்கு மேல் இப்படித் தேய்ப்பது சாதாரணம். சில படங்களில் அது நூறை நெருங்கும்.

பலகை, இடம். உளியும் பரேனும், கருவிகள். செதுக்குவதும் தேய்ப்பதும், முயற்சிகள். மரத்தின் நரம்பும் அன்றைய காற்றின் ஈரமும் யார் பேச்சையும் கேட்பதில்லை. ஐந்தாவது காரணத்தை அவற்றில் பார்த்துக்கொள்ளலாம். இடிப்பது ஒன்றே ஒன்றுதான். கீதையின் பட்டியலில் செய்பவன் ஒருவன். பட்டறையில் குறைந்தது மூன்று பேர்.

யோஷிடாவுக்கு முந்தைய எடோ காலத்தில் நான்கு பேர். ஓவியர், செதுக்குபவர், அச்சுக்காரர், இவர்களுக்கு மேலே பணம் போட்ட பதிப்பாளர். கடைசி வார்த்தை பதிப்பாளருடையது. புகழ்பெற்ற ஓவியர் ஹொகுசாயே 1830களில் பதிப்பாளருக்குக் கடிதம் எழுதிக் கெஞ்ச வேண்டியிருந்தது: தான் வரையாத கீழிமையைச் செதுக்குபவர் சேர்க்க வேண்டாம், மூக்கை உட்டகாவா மரபுக்காரர்களின் பாணியில் வெட்ட வேண்டாம் என்று. உலகமே ஹொகுசாயின் அலை என்று கொண்டாடும் படத்தை உருவாக்கியவருக்கு ஒரு மூக்கின் மேல்கூட முழு அதிகாரம் இருக்கவில்லை.

யோஷிடா இந்த உலகத்துக்குள் தாமதமாகத்தான் வந்தார். 1876இல் கியூஷு தீவின் குருமே ஊரில் உவேதா குடும்பத்தில் பிறந்தவர். பள்ளியில் ஓவியம் கற்பித்த யோஷிடா கசாபுரோ, பையனின் திறமையைக் கண்டு 1891இல் தத்தெடுத்துக்கொண்டார். கியோட்டோவிலும் பிறகு டோக்கியோவிலும் அவர் கற்றது மேற்கத்திய பாணி: எண்ணெய் வண்ணம், நீர்வண்ணம். 1899இல் நண்பர் நாககாவா ஹச்சிரோவுடன் அமெரிக்காவுக்குக் கப்பல் ஏறினார். டெட்ராய்ட் அருங்காட்சியகத்தில் இருவரின் படங்களும் காட்சிக்கு வந்து விற்றன. அடுத்துப் பாஸ்டன், அதன் பிறகு ஐரோப்பா. 1903இல் இரண்டாம் பயணம் போனபோது, தத்தெடுத்த வீட்டின் மகளும் தானே ஓர் ஓவியருமான ஃபுஜியோ உடன் சென்றார். 1907இல் இருவரும் மணந்துகொண்டார்கள்.

மரச்செதுக்கு அச்சில் அவர் இறங்கியது 1920இல், நாற்பத்து நான்கு வயதில். அழைத்தவர் வாதனபே ஷோசாபுரோ என்ற பதிப்பாளர். எடோ காலத்துக் கூட்டு முறையைப் புதிய ஓவியர்களைக் கொண்டு உயிர்ப்பிக்க முயன்றவர் அவர். முதல் படம் மெய்ஜி ஆலயத் தோட்டம். அந்தக் கூட்டு அதிக நாள் நீடிக்கவில்லை. 1923 செப்டம்பர் 1ஆம் தேதி காண்டோ நிலநடுக்கத்தில் வாதனபேயின் கடையும் கட்டைகளும் கையிருப்புப் படிகளும் தீக்கிரையாயின.

அந்த ஆண்டின் முடிவில், இடிபாடுகளில் எல்லாவற்றையும் இழந்த சக ஓவியர்களுக்கு உதவுவதற்காக அவர்களுடைய படங்களையும் எடுத்துக்கொண்டு யோஷிடா மீண்டும் அமெரிக்கா சென்றார். அங்கே எண்ணெய் ஓவியங்களைவிட மரச்செதுக்கு அச்சுகளுக்குத்தான் கிராக்கி இருந்தது. தரம் குறைந்த பழைய படிகள்கூட நல்ல விலைக்குப் போய்க்கொண்டிருந்தன. திரும்பி வந்தவர் 1925இல் சொந்தப் பட்டறை போட்டார். பதிப்பாளரை நாற்காலியிலிருந்து எழுப்பிவிட்டு அதில் தானே உட்கார்ந்தார். ஓவியனுக்கே முழு அதிகாரம், செதுக்குபவரையும் அச்சுக்காரரையும்விட அவர்கள் தொழிலை ஓவியன் நன்றாகத் தெரிந்துவைத்திருக்க வேண்டும் என்பது அவர் கொள்கை. 1928இல் வந்த ‘பாய்ச்சல்’ என்ற பெரிய அளவுப் படத்தில் கொந்தளித்து ஓடும் ஆற்று நீரை அவரே உட்கார்ந்து செதுக்கினார்.

ஜிசுரி முத்திரை பிறந்தது இந்தப் பட்டறையில்தான். அது சொல்லவந்தது இதுதான்: இந்தப் படத்தில் ஏதாவது பிசகு இருந்தால் அதற்கு வேறு யாரையும் கைகாட்டமாட்டேன். பதிப்பாளர் அவசரப்படுத்தினார், செதுக்குபவர் மூக்கை மாற்றிவிட்டார், அச்சுக்காரர் சாயத்தைக் குறைத்துவிட்டார் என்ற சாக்கெல்லாம் இங்கே செல்லாது. முத்திரை உரிமை கோரியது தன் கை உழைப்புக்கு அல்ல, தன் பொறுப்புக்கு. கர்த்தா என்று பொதுவாகச் சொல்கிறபோது நாம் இரண்டு விஷயங்களை ஒன்றாகப் போட்டுக் குழப்புகிறோம். ஒன்று, செய்வது. மற்றது, செய்ததற்குப் பதில் சொல்வது. யோஷிடா முதலாவதைப் பிறருக்குக் கொடுத்துவிட்டு இரண்டாவதைத் தனக்கென்று வைத்துக்கொண்டார்.

செய்தவர் யார் என்ற கேள்வி குழம்பினால், செய்யப்பட்டது எது என்பதும் குழம்பும். 1926இல் செட்டோ உள்நாட்டுக் கடலின் பாய்மரப் படகுகளை யோஷிடா அச்சிட்டார். கட்டைகள் அவையே, வண்ணம் மட்டும் மாறும். விடியல், முற்பகல், பிற்பகல், மூடுபனி, மாலை, இரவு என்று ஆறு படங்கள். விடியலில் தகதகக்கும் அதே பாய் இரவில் கரிய உருவமாக நிற்கிறது. தண்ணீரில் படகின் விளக்கொளி நெளிகிறது. மாட்டர்ஹார்ன் சிகரத்துக்கும் எகிப்தின் ஸ்பிங்க்ஸுக்கும்கூடப் பகல் ஒன்று, இரவு ஒன்று எனச் செய்தார். அந்த ஆறு படகுப் படங்களில் எது மூலம், எது நகல்? ஓவியர் வரைந்த தாள் செதுக்கும்போதே போய்விட்டது. கட்டை என்பது படம் அல்ல. ஒவ்வொரு படியும் ஒரு மூலம். எந்தப் படியும் ஒரே மூலம் அல்ல.

பௌத்தத்துக்கு இது புதிய செய்தி அல்ல. எதுவும் தன்னாலேயே நிற்பதில்லை, ஒன்றைச் சார்ந்து மற்றொன்று தோன்றுகிறது என்பது அதன் அடிப்படை. தமிழில் இதை அறிய ஜப்பான் வரை போக வேண்டியதில்லை. மணிமேகலையின் முப்பதாம் காதை பன்னிரண்டு சார்புகளை அடுக்கி விளக்குவது இதைத்தான். நிலையான ‘தான்’ என்று ஒன்று இல்லை, சார்புகளின் ஓட்டம்தான் இருக்கிறது என்றால், ‘தன் கையால்’ என்ற முத்திரையை யார் குத்துவது? யோஷிடா பௌத்தத் தத்துவம் எழுதியவர் அல்ல. மலையேறி அவர். ஜப்பானிய ஆல்ப்ஸ் மலைகளில் கூடாரம் போட்டு வெளிச்சத்துக்காகக் காத்துக் கிடந்தவர். ஹொடாகா மலையின் பெயரையே இரண்டாவது மகனுக்கு வைத்தவர். வெளிச்சம் மாறினால் மலையும் மாறுகிறது என்பதை அவர் ஏட்டில் படித்துத் தெரிந்துகொள்ளவில்லை.

1930இன் இறுதியில் மூத்த மகன் தோஷியை அழைத்துக்கொண்டு யோஷிடா இந்தியாவுக்கும் தென்கிழக்கு ஆசியாவுக்கும் பயணம் வந்தார். தாஜ்மகால், காசியின் படித்துறை, அமிர்தசரஸ் பொற்கோயில், அஜந்தா, எல்லோரா, கஞ்சன்ஜங்கா என அந்தப் பயணம் ஒரு தொடராக விளைந்தது. அந்தத் தொடரில் மதுரைக் கோயிலும் உண்டு. ஆலயத்தின் புது மண்டபத்தில் நாயக்க மன்னர்கள் ஆளுயரச் சிலைகளாகத் தூண்களில் நிற்கிறார்கள். திருமலை நாயக்கர் கட்டியது என்று ஊர் சொல்கிறது. அந்தச் சிலைகளைச் செதுக்கியவர்களைப் பற்றி ஊர் அவ்வளவாகப் பேசுவதில்லை. இந்த ‘கட்டியது’ என்ற சொல்லுக்குள்ளும் ஒரு ஜிசுரி முத்திரை இருக்கிறது. அங்கே ஓவியரின் இடத்தில் அரசர்.

யோஷிடாவின் வழிக்கு நேர் எதிரே ஜப்பானில் இன்னொரு வழி ஓடியது. 1904இல் யமமோட்டோ கனாயே என்ற இளைஞர் ‘மீனவர்’ என்ற சிறிய படத்தைத் தானே வரைந்து, தானே செதுக்கி, தானே அச்சிட்டார். அதிலிருந்து ‘சோசாகு ஹங்கா’ என்ற இயக்கம் வளர்ந்தது. கலைஞன் என்றால் மூன்று வேலையையும் தன் கையாலேயே செய்ய வேண்டும். கூலிக்குச் செதுக்கவைப்பது கலை ஆகாது என்பது அதன் வாதம். ஜிசுரி முத்திரையை எழுத்துக்கு எழுத்து உண்மையாக்கியவர்கள் இவர்கள்.

அந்த இயக்கத்தின் வழியே வந்தவர்களில் உலகப் புகழ் பெற்றவர் ஷிகோ முனகாதா. 1903இல் வடகோடி ஊரான அவொமொரியில் ஒரு கொல்லருக்குப் பிறந்தவர். ஆரம்பப் பள்ளியோடு படிப்பு முடிந்தது. வான்கோவின் சூரியகாந்திப் படத்தை ஒரு பத்திரிகையில் கண்டு, நான் வான்கோ ஆகப் போகிறேன் என்று கிளம்பியவர். கண்பார்வை மிக மோசம். பலகையில் மூக்கு உரசும் அளவுக்குக் குனிந்துகொண்டு வெறிபிடித்ததுபோல் செதுக்குவார். 1939இல் புத்தரின் பத்துச் சீடர்களை ஆளுக்கொரு பலகையில் நிற்கவைத்தார். பல படங்களில் காகிதத்தின் பின்புறம் வண்ணம் தீட்டி முன்புறம் கசியவிடுவது அவர் முறை. 1955இல் சாவோ பாவ்லோவிலும் 1956இல் வெனிஸிலும் அச்சுக் கலைக்கான பெரும் பரிசுகள் அவருக்குக் கிடைத்தன.

இவ்வளவையும் தன் கையால் செய்த மனிதர் திரும்பத் திரும்பச் சொன்னது, என் படங்களுக்கு நான் பொறுப்பல்ல என்பது. பலகைக்குள் ஏற்கெனவே இருப்பது வெளியே வருகிறது, புத்தரின் சக்தி செய்கிறது என்றார். 1945இல் டோக்கியோ வீடு குண்டுவீச்சில் எரிவதற்குச் சற்று முன் அவர் குடிபெயர்ந்த டோயாமா மாவட்டம், ஷின்ரானின் தூயநிலப் பௌத்தம் வேரூன்றிய மண். அந்த மண் அவருடைய நினைப்பை இன்னும் உறுதிப்படுத்தியது.

13ஆம் நூற்றாண்டில் ஷின்ரான் போதித்தது இது: தன்முயற்சியால் யாரும் கரையேற முடியாது, அமிதாப புத்தரின் அருள்தான், பிறசக்திதான் கரையேற்றும். தமிழ் வைணவம் அறிந்தவர்களுக்கு இதை அதிகம் விளக்க வேண்டாம். தாயைத் தானே பற்றிக்கொள்ளும் குரங்குக்குட்டியா, தாயே கவ்விச் செல்லும் பூனைக்குட்டியா என்று வடகலையாரும் தென்கலையாரும் வாதிட்டது இதே விஷயத்தைத்தான். முனகாதா பூனைக்குட்டிக் கட்சி.

இப்போது இரண்டு பேரையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்திப் பாருங்கள். தன் கையால் செய்யாத யோஷிடா பொறுப்பு என்னுடையது என்கிறார். தன் கையால் செய்த முனகாதா பொறுப்பு என்னுடையதல்ல என்கிறார். மேலோட்டமாகப் பார்த்தால் முதலாமவர் அகந்தைக்காரர், இரண்டாமவர் அகந்தையைக் கரைத்தவர். நம் சமய மரபு யாரை உயர்த்திப் பேசும் என்பதில் சந்தேகமே இல்லை.

அவ்வளவு வேகமாகத் தீர்ப்பு எழுதிவிட முடியாது. பிறசக்தி என்ற கருத்துக்குள் ஒரு வழுக்குப் பாறை இருப்பதை ஷின்ரானே கண்டார். எல்லாம் அமிதாபரின் அருள் என்றால் நாங்கள் எதைச் செய்தாலும் பாதகமில்லையே என்று அவருடைய சீடர்களில் சிலர் கிளம்பிவிட்டார்கள். மாற்று மருந்து இருக்கிறது என்பதற்காக விஷத்தை விரும்பிக் குடிக்காதீர்கள் என்று அவர் எச்சரித்துக் கடிதம் எழுத வேண்டியிருந்தது. ‘நான் செய்யவில்லை’ என்ற வாக்கு ஞானியின் வாயில் ஒன்று, தப்பிக்கப் பார்ப்பவன் வாயில் வேறொன்று. இரண்டுக்கும் சொற்கள் அவையே. யோஷிடா 1938 முதல் 1940 வரை போர் ஓவியராகச் சீனாவுக்குச் சென்றார். அங்கே அவர் வரைந்ததைப் பற்றி இன்று கேட்க வேண்டியதைக் கேட்க முடிகிறது. காரணம், தன் பெயரில் வந்ததெல்லாம் தன் பொறுப்பு என்று முத்திரை குத்தியவர் அவர். எல்லாம் மேலே இருப்பவர் செயல் என்பவரிடம் அந்தக் கேள்வியை எங்கிருந்து தொடங்குவது?

இன்னொரு சிக்கலும் உண்டு. முனகாதாவை உலகுக்குக் காட்டியவர்களில் முக்கியமானவர் யானகி சோயெட்சு என்ற சிந்தனையாளர். 1936இல் டோக்கியோவில் ஜப்பானிய நாட்டார் கைவினை அருங்காட்சியகத்தை நிறுவியவர். பெயர் தெரியாத குயவரும் நெசவாளரும் செய்த அன்றாடப் பொருள்களில்தான் உயர்ந்த அழகு இருக்கிறது. அவர்கள் ‘நான்’ என்று முன்னால் வந்து நிற்காததால் பிறசக்தி அவர்கள் வழியாகப் பாய்கிறது என்று வாதிட்டார். அமிதாபரின் நான்காவது சபதத்தை அடிப்படையாக வைத்து, அழகு, அழகின்மை என்ற பிரிவுக்கு அப்பால் போகும் ஓர் அழகியலையே 1948இல் எழுதினார். ஆழமான சிந்தனை. ஆனால் அந்த அழகியலின் நிழலில் பெயர் பெற்றவர்கள் யார்? யானகி, அவர் வட்டத்துக் குயவர்களான ஹமாடாவும் கவாயும், முனகாதா. பெயரில்லாத கைவினைஞர் பெயரில்லாதவராகவே இருந்தார். பொறுப்பில்லை என்ற முனகாதாவின் படிகளிலும் அவர் கையெழுத்தும் முத்திரையும் உண்டு.

அகந்தையைத் துறப்பதற்கு முதலில் அது ஒருவரிடம் இருக்க வேண்டும். செர்ரிப் பலகையில் மயிரிழைக் கோடுகளை ஆண்டுக் கணக்கில் வெட்டிய செதுக்குக்காரர் தன் பெயரைத் துறந்தவர் அல்ல. அவரிடம் யாரும் பெயர் கேட்கவில்லை. அவருடைய பெயரின்மையை ஞானம் என்று புகழ்வது, பசித்திருப்பவரின் வயிற்றைப் பார்த்து விரதம் என்று வணங்குவதற்குச் சமம். ‘யான், எனது’ அறுக்கச் சொன்ன சமயங்கள் அதை ஒருவர் தனக்குத் தானே செய்துகொள்ளச் சொன்னவை. அடுத்தவருடைய ‘யான்’ என்பதை நாமே அழித்துவிட்டு அதற்குத் துறவு என்று பெயர் வைக்க எந்த நூலும் அனுமதி தரவில்லை.

யோஷிடாவின் முத்திரையும் இந்த இடத்தில்தான் தோற்கிறது. பொறுப்பை அவர் ஏற்றது சரி. பிசகுக்குப் பதில் சொல்ல ஒருவர் முன்வருவது எந்தத் தொழிலிலும் அபூர்வம். ஆனால் பொறுப்பு ஒருவருடையதாக இருக்கலாம். உழைப்பும் ஒருவருடையதுதான் என்று எழுதத் தேவையில்லை. ‘என் மேற்பார்வையில், இன்னார் செதுக்க, இன்னார் அச்சிட’ என்று நான்கைந்து எழுத்துகள் கூடியிருந்தால் முத்திரையின் பெருமை ஒரு துளியும் குறைந்திருக்காது. கீதை சொன்ன ஐந்து காரணங்களுக்கும் கொஞ்சம் இடம் கிடைத்திருக்கும்.

நடக்காத காரியத்தைக் கேட்பதாக யாரும் நினைக்க வேண்டாம். அதே 1930களில் டோக்கியோவில் டோய் என்ற பதிப்பகம் கவாசே ஹசுய், சுச்சியா கோய்ட்சு ஆகியோரின் வண்ண அச்சுகளை வெளியிட்டது. அவற்றின் ஓரத்தில் செதுக்கியவரின் முத்திரையும் அச்சிட்டவரின் முத்திரையும் பதிப்பாளர் முத்திரையோடு சேர்ந்தே இருக்கின்றன. போருக்குப் பிறகு ஜப்பான் அரசும் இதே சிக்கலில் வந்து நின்றது. மரச்செதுக்கு அச்சுக் கலையைப் பேண வேண்டும் என்று 1950களின் தொடக்கத்தில் அரசுக் குழு தீர்மானித்தபோது, ஹசுயிடமும் இட்டோ ஷின்சுயிடமும் புதிய படங்கள் கேட்டது. படங்களோடு நிற்காமல், அவை உருவாகும் ஒவ்வொரு கட்டத்தையும் ஆவணமாக்கியது. ஹசுயின் ‘சோஜோஜி ஆலயத்தில் பனி’ அப்படி வந்த படம். காப்பாற்ற வேண்டியது ஒரு கையை அல்ல, கைகளின் தொடர்ச்சியை என்று அந்தக் குழு புரிந்துகொண்டது.

யோஷிடா 1950 ஏப்ரலில் டோக்கியோவில் இறந்தார். சுமார் 250 மரச்செதுக்கு அச்சுகளை விட்டுச் சென்றார். மனைவி ஃபுஜியோ, மகன்கள் தோஷி, ஹொடாகா, அவர்களுக்கு அடுத்த தலைமுறை என்று அந்தக் குடும்பமே அச்சுக் கலையில் தொடர்ந்தது. அவர் படங்கள் இன்று உலகின் பெரிய அருங்காட்சியகங்களில் எல்லாம் உண்டு. அவற்றின் கீழே உள்ள அட்டைகளில் பெரும்பாலும் ஒரே பெயர்தான் இருக்கும். அடுத்த முறை எந்த ஊர்க் காட்சிக்கூடத்திலாவது ஒரு ஜப்பானிய வண்ண அச்சின் முன் நிற்க நேர்ந்தால், செதுக்கியவர் யார், அச்சிட்டவர் யார் என்று பொறுப்பாளரிடம் கேளுங்கள். பல அச்சுகளுக்குப் பதில் அந்தக் காகிதத்தின் ஓரத்திலேயே இருக்கிறது. அட்டையில் ஏற்றத்தான் யாருக்கும் தோன்றவில்லை.